தொடாதே என்று எழுதாத கடுதாசி

பாய்,

கடுதாசி வந்துவிட்டது. நேற்று மத்தியானம் ரயிலடி டீக்கடைக்காரர் என்னைக் கூப்பிட்டு, சர்க்கரை டப்பாவுக்கு அடியிலிருந்து எடுத்துக் கொடுத்தார். ராஜா தலை போட்ட சீமைத் தபால்தலை. மேலே உன் பெயர், நாம் கொடுத்த இந்த டீக்கடை விலாசம், ஊர் ஊராகச் சுற்றிவந்த முத்திரைகள். நீ போய் எட்டு மாதமாகிறது, அது அந்த உறைக்குத் தெரியுமா? தோல் வாடை ஊறிப்போன என் கையில் அது மட்டும் சோப்பு வாசனை அடித்தது. பிரிக்கப் பயந்துகொண்டு வெகுநேரம் தண்டவாளத்தைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தேன்.

'நீங்க' என்றால் உனக்குக் கோபம் வரும். அதனால் இதையும் 'நீ' என்றே எழுதுகிறேன்.

அதே டீக்கடைதான். அங்கே சேரிக்காரனான எனக்குக் கொட்டாங்குச்சி, உனக்குக் கண்ணாடி கிளாஸ். கப்பலில் கரி தள்ளிய வேலை போய் ஆம்பூருக்கு வந்து, தோல் பதனிடும் டேனரியில் நீ வேலைக்குச் சேர்ந்த முதல் நாள் அது. என் தோளில் கை போட்டு இழுத்துக்கொண்டு போய், உன் கிளாஸில் பாதியைக் குடித்துவிட்டு மீதியை என்னிடம் நீட்டினாய். கடைக்காரர் முறைத்தார். நீ அவரையே பார்த்துக்கொண்டு, குடி என்றாய். பாய், பிறத்தியார் ஒருவர் என் தோளில் கை போட்டது அதுதான் முதல் தடவை. இதை உன்னிடம் நான் சொன்னதே இல்லை.

லண்டன் துறைமுகத்தில் பார்த்ததை எத்தனை தடவை சொல்லியிருப்பாய்! எங்கோ ஒரு தேசத்தில் வேலைநிறுத்தம் என்று கேள்விப்பட்டு, அங்கிருந்து வந்த சரக்கை இறக்க மாட்டோம் என்று அந்தத் துறைமுக ஆட்கள் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்களாம். முகம் தெரியாத ஆட்களுக்காக. நான் நம்பவில்லை. இங்கே பக்கத்துத் தெருக்காரனே நமக்காக நிற்க மாட்டான், சீமைக்காரனா நிற்பான் என்று கேலி செய்தேன். நீ கோபித்துக்கொண்டு இரண்டு நாள் என்னோடு பேசவில்லை.

நாம் கேட்டது என்ன பெரிய ராஜ்ஜியமா? சுண்ணாம்புக் குழியில் இறங்கிக் கை வெந்தவர்களை, ஆறினதும் வா என்று மேஸ்திரி அனுப்பிவிடுவார். ஆறி வந்தால் அந்த இடத்தில் வேறு ஆள் நிற்பான். கை ஆறும்வரை குழிக்கு வெளியே மேட்டு வேலை கொடு, இடத்தைப் பிடுங்காதே. அவ்வளவுதான். உன் விரலிடுக்கிலும் அப்போது வெடிப்பு விழுந்து நீர் வடிந்துகொண்டிருந்தது. முதலாளி காது கொடுக்கவில்லை. ஒரு கப்பலுக்கு வேண்டிய தோல் கொட்டகையில் தயாராக இருந்தது, அவருக்கு என்ன கவலை?

"இங்க நாம கத்தனா அவனுக்குக் கேக்காது தோஸ்த். அங்க நாலு பேரு எறக்க மாட்டோம்னு சொன்னா, அவனே நம்மள கூப்ட்டு உக்கார வைப்பான்" என்றாய்.

மூன்று நாள், சாப்பாட்டு வேளையில், தோல் ஊறவைக்கும் மரப்பட்டைக் குவியலுக்குப் பின்னால் உட்கார்ந்து அந்த லண்டன் ஆட்களுக்குக் கடுதாசி எழுதினோம். இங்கிலீஷ் பேச்சு உன்னுடையது, எழுத்து மிஷன் பள்ளியில் ஐந்தாவது படித்த என்னுடையது. இந்தத் தோல் கட்டைப் பிரிக்கிற சகோதரர்களே, நாங்களும் உங்களைப் போலக் கையால் பிழைப்பவர்கள், இந்தத் தோலுக்காக எங்கள் கை வெந்துவிட்டது, நாளை முதல் வேலையை நிறுத்துகிறோம் என்று அழகாகத்தான் போயிற்று. கடைசி வரிக்கு வந்தோம். தொடாதீங்கன்னு எழுது என்றாய். என் கை நின்றுவிட்டது.

"மத்ததெல்லாம் எழுதறேன் பாய், அத மட்டும் எழுத மாட்டேன். பொறந்ததுலேர்ந்து அந்த ஒரு வார்த்தையதான் கேட்டுக்கினு இருக்கறேன்."

 உன் குரல் இறங்கிவிட்டது.

"சரி, வேற வார்த்த போடு. அர்த்தம் மட்டும் மாறக்கூடாது."

நான்தான் மேதாவியாயிற்றே! ரயிலடியில் மிஷன்காரர்களுக்கு வந்து இறங்கும் பெட்டிகளில் சிவப்பு எழுத்தில் ஒன்று எழுதியிருக்கும். 'ஹேண்டில் வித் கேர்.' கூலியாள் யாராவது பக்கத்தில் போனாலே ரயிலடி குமாஸ்தா 'கைய வைக்காத' என்று கத்துவார். அதுதான் அர்த்தம் என்று சின்ன வயதிலிருந்தே எனக்கு நிச்சயம். தொடாதே என்பதையே துரைமார்கள் மரியாதையாக இப்படிச் சொல்கிறார்கள் என்று உனக்கு விளக்கம் வேறு சொன்னேன். கரி அறையிலேயே காலம் தள்ளியவன் நீ, சரக்குப் பெட்டி எதைக் கண்டாய்? என்னை நம்பித் தலையாட்டினாய், அதையே கடைசி வரியாக எழுதினேன். அன்று சாயங்காலமே கடைசிக் கட்டை நான்தான் கட்டினேன். நடுத்தோலுக்கு மேல் காகிதத்தை வைத்து, சாக்கைச் சுற்றித் தைத்தேன்.

அப்புறம் நடந்தது உனக்குத் தெரியும். ஒரு மாதத்திலேயே வீட்டு அண்டா குண்டா எல்லாம் விலைக்குப் போய், திரும்பிவிடலாம் என்றார்கள். நீதான் நிறுத்தினாய். கப்பல் போய்ச் சேருகிற நேரம், இன்னும் கொஞ்ச நாள் என்று வீடு வீடாகப் போய்க் கும்பிட்டாய். அந்தக் கொஞ்ச நாள்தான் எல்லாரையும் அடியோடு சாய்த்தது. பிறகு ஒவ்வொருவராகத் தலையைக் குனிந்துகொண்டு டேனரி கேட்டுக்குள் போனார்கள். நானும் போனேன், பாய். கட்டுக் கட்டத் தெரிந்தவன் என்று என்னைச் சேர்த்துக்கொண்டார்கள். உன்னைச் சேர்க்கவில்லை. உன் கைப் புண்ணில் விஷம் ஏறி, முழங்கைவரை வீங்கி, ஜுரத்தில் கிடந்தாய். வேலை விட்டு வரும்போதெல்லாம் உன் மற்றக் கையைப் பிடித்துக்கொண்டு உட்காருவேன். ஒன்றே ஒன்றுதான் கேட்பாய். "வந்துச்சாடா?" வரும் பாய் என்பேன். கடைசி நாளும் அதையேதான் கேட்டாய்.

வந்துவிட்டது.

எழுத்துக்கூட்டிப் படித்தேன். விளங்காததற்கு மிஷன் பள்ளி வாத்தியாரிடம் ஓடினேன். நம் கை வெந்ததைப் படித்ததும் அங்கே கட்டைப் பிரித்தவர்கள் தொப்பியைக் கழற்றிவிட்டு நின்றார்களாம். நீங்கள் கேட்டுக்கொண்டபடியே ஒவ்வொரு தோலையும் பத்திரமாகக் கையாண்டோம், ஒன்றுகூடக் கிழியவில்லை, ஈரம் படவில்லை, நல்லபடியாகச் செருப்புத் தொழிற்சாலைக்கு அனுப்பிவைத்தோம் என்று எழுதியிருக்கிறார்கள். நாங்கள் உங்கள் பக்கம், வேறு ஏதாவது செய்ய வேண்டுமானால் தயங்காமல் எழுதுங்கள் என்றும் எழுதியிருக்கிறார்கள்.

கடுதாசியில் அவர்கள் எடுத்து எழுதியிருந்த அந்தச் சிவப்பெழுத்து வார்த்தைகளின் அர்த்தத்தை நான் கேட்காமலே வாத்தியார் சொன்னார். பத்திரமாக எடுத்து வை என்று அர்த்தமாம். என் தலையில் நானே அடித்துக்கொண்டேன். அவர் பயந்துவிட்டார்.

நீ சொன்னது சரி, பாய். அவர்கள் நிற்கிற ஆட்கள்தான். சொல்லியிருந்தால் நின்றிருப்பார்கள். சொல்லவிடாதவன் நான்.

சாயங்காலம் உன் வீட்டுக்குப் போனேன். சீமையிலிருந்து கடுதாசி என்றதும் உன் பீவி முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு வாசலுக்கு வந்து, இன்னா எழுதியிருக்காங்கண்ணே என்று கேட்டாள். நான் காகிதத்தை விரித்துக் கையில் வைத்துக்கொண்டு, அதைப் பார்க்காமல் சொன்னேன்.

"தொடவே இல்லன்னு எழுதியிருக்காங்கம்மா."

அவள் சுவரில் சாய்ந்து அழுதாள். எட்டு மாதத்தில் அவள் அப்படி அழுது நான் பார்த்ததில்லை. அவரு சொன்னாரு, சொன்னாரு என்று திரும்பத் திரும்பச் சொன்னாள். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, அவங்க புள்ளகுட்டிங்க நல்லா இருக்கணும்னு பதில் எழுதுங்கண்ணே என்றாள்.

எழுத உட்கார்ந்திருக்கிறேன். தொடாதீர்கள் என்பதற்குச் சரியான இங்கிலீஷ் வார்த்தையை வாத்தியார் சொல்லிக் கொடுத்துவிட்டார். சின்ன வார்த்தைதான். ஒரு துண்டுக் காகிதத்தில் எழுதியும் பார்த்துவிட்டேன். ஆனால் நம் தோல் இந்நேரம் செருப்பாகி யார் காலிலோ தேய்ந்துகொண்டிருக்கும். உன் பெயர் போட்ட உறையும் இந்த வார்த்தையும் என் சட்டைப் பையில் இருக்கின்றன. நாளைக்கும் எனக்குச் சீமைக் கப்பலுக்குத் தோல் கட்டுக் கட்டுகிற வேலைதான்.