ஒன்றரை அடி தள்ளி நின்ற சாமி

ராஜபாளையம்,
12.10.2024

அன்புள்ள தங்கபாய்க்கு,

சுந்தரம்மாள் எழுதுகிறேன். முகத்தைச் சுளிக்காமல் படி. போனில் பேசினால் ரெக்கார்டு செய்து கோர்ட்டில் போட்டுவிடுவார்கள் என்று என் வக்கீல் பயமுறுத்துகிறார். லெட்டரைப் பற்றி அவர் ஒன்றும் சொல்லவில்லை. வீட்டுக்குப் போட்டால் உன் வீட்டுக்காரர் பெலிக்ஸ் அண்ணாச்சி கையில் சிக்கும் என்று நீ வேலை பார்க்கும் பள்ளிக்கூடத்துக்கே போடுகிறேன்.

எனக்கு ஒரு எழவும் விளங்கவில்லை. நீங்கள் வீட்டைப் பூட்டிவிட்டு ஸ்ரீவில்லிபுத்தூர் போய் ரெண்டு வருஷம்தான் ஆகிறது. அதற்குள் என் புது அடுப்படிச் சுவர் உங்கள் மனைக்குள் ஒன்றரை அடி வந்துவிட்டது என்று பெலிக்ஸ் அண்ணாச்சி கேஸ் போட்டுவிட்டார். கோர்ட் அனுப்பிய கமிஷனர் சர்வேயரோடு வந்தார். தெருமுனையிலிருந்து அளந்தால் சுவர் தப்பு. நம் ரெண்டு வீட்டுக்கும் நடுவில் நிற்கும் கருப்பசாமி கல்லிலிருந்து அளந்தால் சுவர் சரி!

சாமியிலிருந்து எதற்கு அளக்கிறார்கள் என்கிறாயா? சர்வேயர் மஞ்சளைச் சுரண்டினார், உள்ளே அம்புக்குறி. அது சர்க்கார் நட்ட எல்லைக் கல்லாம். இத்தனை வருஷமும் சர்வே கல்லுக்கா நான் பொங்கல் வைத்தேன்? சாமி குத்தமா, சர்க்கார் குத்தமா, எதற்கென்று பயப்படுவது?

கட்டட வேலையை நிறுத்தச் சொல்லி உத்தரவு. கூரை போடவில்லை. பேண்டேஜ் கம்பெனி ஷிப்டு முடிந்து வந்து தார்ப்பாய்க்கு அடியில் சமைக்கிறேன். மழை குழம்பில் விழுகிறது. ஏட்டி, நீயாவது சொல்லு, எது சரி?

உன் சுந்தரம்


ஸ்ரீவில்லிபுத்தூர்,
21.10.2024

பிரியமுள்ள சுந்தரக்காவுக்கு, தங்கபாயின் தோத்திரம்.

எனக்கும் குழப்பம்தான் அக்கா. எங்க வீட்டு அவிய இப்போதெல்லாம் சாப்பாட்டு மேஜையைக்கூட டேப் வைத்து அளக்கிறார்கள். "எங்கய்யா வாங்கிப் போட்ட எடம், ஒரு சாண் விடமாட்டேன்" என்பதே பேச்சு. "அக்கா மேல கேஸப் போட்டுட்டு எந்த மொகத்தோட அந்தத் தெருவுக்குள்ள போவேன்?" என்று கேட்டேன். "அளவப் பத்தி ஒனக்கு என்ன தெரியும்?" என்றார்கள்.

மழையில் நனையாதே. உனக்கு இளைப்பு உண்டு.

தங்கம்


ராஜபாளையம்,
4.11.2024

தங்கம்,

ஞாபகம் வந்துவிட்டது. என் மகன் கௌதம்ராஜ் அப்போது ஏழு மாசம், வயிற்றில். என் வீட்டுச் சாக்கடைத் தண்ணி கருப்பன் காலடியில் ஓடியது. "சாமியச் சாக்கடைக்குள்ள நிக்க வச்சிருக்கியேக்கா! எங்க பக்கம் மேடாத்தான கெடக்கு" என்று நீதானே சொன்னாய்? கழுத்தில் சிலுவைச் செயின் ஆட ஆட நீதான் கடப்பாரையால் நெம்பி எடுத்தாய், உங்கள் பக்கம் தள்ளி நட்டாய். நான் மஞ்சள் கிண்ணத்தோடு நின்றேன்.

அந்தக் கல்லைப் பார்த்துத்தான் இப்போது சுவர் எழுப்பினேன். அண்ணாச்சி சொல்வது நிஜம். சொன்னால் என் அடுப்படி போச்சு. சொல்லாவிட்டால் உன் மண் போச்சு. நீதான் நகர்த்தினாய் என்று தெரிந்தால் அண்ணாச்சி உன்னை என்ன பாடு படுத்துவாரோ! நான் என்ன செய்யட்டும்?

சுந்தரம்


ஸ்ரீவில்லிபுத்தூர்,
11.11.2024

சுந்தரம்மாள் அவர்களுக்கு,

நீங்கள் எழுதியது எதுவும் எனக்கு நினைவில்லை. நான் எந்தக் கல்லையும் தொடவில்லை. இனிமேல் கடிதம் போட வேண்டாம். இதைக் கிழித்துப் போடவும்.

தங்கபாய்


ஸ்ரீவில்லிபுத்தூர்,
19.2.2025

அக்கா,

இதைப் பிரிப்பாயோ, அப்படியே அடுப்பில் போடுவாயோ தெரியாது. பிரித்துப் படி.

நேற்று கோர்ட்டில் கடைசி பெஞ்சில் இருந்தேன். எங்கள் வக்கீல் கேட்டதும் "கல்ல நாந்தான்யா நகத்துனேன்" என்றாய். "தனியாவா?" என்றார். "ஒத்தையிலதான்" என்றாய். அடிப்பாவி! ஏழு மாச வயிற்றோடு அந்தக் கல்லை நீ ஒற்றையில் தூக்கினாயாக்கும்? எழுந்து நின்று சொல்லியிருக்க வேண்டும். பெஞ்சிலேயே உட்கார்ந்திருந்துவிட்டேன்.

எல்லாம் எனக்கு ஞாபகம் இருந்தது, கேஸ் போட்ட அன்றிலிருந்தே. நினைவிருக்கிறது என்று சொன்னால் உன் சுவர் விழும் என்றுதான் மறந்துபோனேன். நீயானால் உன் சுவரைக் கொடுத்து என்னைக் காப்பாற்றிவிட்டாய். என்னால் தாங்க முடியவில்லை அக்கா.

திரும்பும் வழியில் அவியளிடம் சொல்லிவிட்டேன். நடுரோட்டில் அப்படியே நின்றார்கள்.

"கடப்பார யாருது?"

"நம்மளது."

பொறவு வீட்டுக்கு வந்ததும் சட்டையைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்தார்கள். "நம்ம கடப்பாரையால நாமளே நட்ட கல்லு. அந்தம்மா மேல என்னத்தக் கேஸு நடத்த?" என்றார்கள். கோபமா சிரிப்பா, முகத்தைப் பார்த்தால் எனக்கு விளங்கவில்லை. காலையில் வக்கீலைப் பார்க்கப் போயிருக்கிறார்கள். டேப் மேஜைமேலேயே கிடக்கிறது.

சுவரை இடிக்கக் கொத்தனாருக்குச் சொல்லிவிட்டாய் என்று கேள்விப்பட்டேன். வர வேண்டாம் என்று சொல். சனிக்கிழமை நான் வாரேன். தார்ப்பாய்க்கு அடியில் எனக்கும் சேர்த்து உலை வை.

தங்கம்