ஆறாவது மலைக்குப் பேர் என்ன

குருநகர்
புதன்கிழமை

அன்பு மகன் பிரகாஸுக்கு அம்மா எழுதுவது. மாதாவின் காவலில் இங்கே நாங்கள் சுகம், அதுபோல நீயும் உன் இடது காலும் சுகமாயிருக்க வேண்டுகிறேன். காலைத் தனியாகக் கேட்கிறேனே என்று முழிக்காதே, அக்கா ஜெசிதா எல்லாம் சொல்லிவிட்டாள். போனில் கதைத்தால் சிரித்து மழுப்பிவிடுவாய், அதனால்தான் எழுதுகிறேன், பிழை பார்க்காதே, நான் ஐந்தாம் வகுப்புக்காரி. அக்காவின் மகன் கோயிலில் முதல் நன்மை வாங்கிவிட்டான், வெள்ளைச் சட்டையில் மீன்குழம்பு ஊற்றியது தனிக்கதை.

நீ கனடாவில் மலைகளில் அளவுக் கருவி வைக்கிற வேலைக்குச் சேர்ந்த நாள் தொடக்கம் ஒவ்வொரு மலையின் பேரையும் கேட்டு வைத்திருக்கிறேன். லோகன், ராப்சன், கொலம்பியா, கரிபால்டி, எட்சிசா. லோகன்தான் அந்த நாட்டிலேயே உயரம் என்றாய். கடைசி இரண்டும் மேலே பனி, உள்ளே நெருப்பு என்றாய், உன் அத்தை மாதிரி. செபமாலையில் பத்து மணிச் செபம் ஒரு பத்து, அப்படி ஐந்து பத்து, மலையும் ஐந்து, ஒரு மலைக்கு ஒரு பத்து என்று இரண்டு வருடமாய்ச் சொல்லி வந்தேன். இப்போது ஆறாவது மலை ஒன்றில்தான் கல் உருண்டு உன் காலில் விழுந்ததாம். அம்மாவிடம் ஏன் சொல்லவில்லை என்று அக்கா கேட்டதற்கு, "அம்மாவின்ரை செபமாலையிலை அஞ்சு பத்துத்தானே, பாரம் கூடிப்போம்" என்றாயாம். நல்ல பகிடி மகன். என்னிடம் படித்ததுதான்.

அப்பா கடலுக்குப் போகும்போது எந்தப் பக்கம் போகிறேன் என்று வாசலில் நின்று சொல்லிவிட்டுத்தான் போவார், எங்கள் கரையில் எல்லோரும் அப்படித்தான். அந்தக் கடைசி நாள் அவர் வாய் திறக்கமுன்னம் நான், "எங்கை போனாலும் மீனோடை வாங்கோ" என்றேன். அவர் சிரித்துக்கொண்டு சொல்லாமல் போய்விட்டார். இரண்டு நாள் மண்டைதீவுப் பக்கம் தேடினார்கள். அவர் பூநகரிப் பக்கம் கிடந்தார். கவிழ்ந்த வள்ளத்தைப் பிடித்தபடி ஒரு நாளாவது உயிரோடு இருந்திருப்பார் என்று உடலை எடுத்தவர்கள் சொன்னார்கள். அப்பா சொல்ல மறந்துபோனார் என்று உங்கள் இரண்டு பேரிடமும் நான் சொன்னது பொய்.

பேர் தெரியாததால் அந்த மலை என்று மட்டும் சொல்லி ஆறாவது பத்து முடிக்கிறேன், மாதாவுக்கும் விளங்குதோ தெரியாது. காலை நனைக்காதே, கட்டு அவிழ்க்கமுன்னம் வேலைக்கு ஓடாதே. மாதா உன் முன்னும் பின்னும் நடக்கட்டும். அந்த மலையின் பேரை எழுதி அனுப்பு. இனி எந்த மலை என்றாலும் போகமுன்னம் சொல்லு, நான் பகிடி விடாமல் கேட்டுக்கொண்டிருப்பேன்.

உன் அம்மா
சி. அற்புதராணி