மீதிப் பொடி வீட்டில் இருக்கிறது

அன்புள்ள கலாராணிக்கு,

மொனராகலையிலிருந்து அழகையா எழுதுவது. நீயும் மகள் நிரஞ்சலாவும் சுகமென்று நம்புகிறேன். இங்கே கரும்புக்காட்டில் வெயிலும் குறையவில்லை, என் வாயும் குறையவில்லை.

சோறு இறங்காததால் போன வாரம் ஆஸ்பத்திரிக்குப் போனேன். நாற்பதுக்குள் இருக்கவேண்டிய ஈரல் என்சைம் இரத்தத்தில் முந்நூறு இருந்தது. பள்ளியில் வாங்காத மார்க் என்று சிரித்தேன். நேற்று மறுபடி எடுத்தார்கள், எண்ணூறு. டாக்டரம்மா சிரிக்கவில்லை.

"குடிப்பீங்களா?"

"விட்டு ஆறு வருசமாச்சுங்க."

ஈரல் அடிபட்டால் அந்த என்சைம் இரத்தத்தில் கசியுமாம். அடித்தது எது என்று அந்த எண் மட்டும் சொல்லாதாம். அதனால் தோண்டித் தோண்டிக் கேட்டார். மூட்டுவலிக்குக் குடிக்கும் பொடியைச் சொன்னேன்.

"இன்னைக்கே நிப்பாட்டுங்க. வீட்டுல வேற யாரும் குடிக்கிறாங்களா?"

இல்லையென்று சொல்லிவிட்டு வெளியே வந்த பிறகுதான் நினைவு வந்தது. நிரஞ்சலாவுக்கு இரத்தம் ஊறட்டுமென்று பாதியைப் பிரித்து வீட்டில் வைத்துவிட்டு வந்தவன் நான்தானே. அவளும் சரியாகச் சாப்பிடுவதில்லை என்று போன தடவை டவுனிலிருந்து போனில் பேசும்போது சொன்னாய்.

நம் தோட்டத்து லயத்து வீட்டில் போன் சிக்னல் இல்லாததால், இங்கே என்னோடு வேலை செய்து இன்று ஊருக்கு வரும் கஜேந்திரனிடம் இதைக் கொடுக்கிறேன். வெளிச்சத்தில் அவள் கண்ணைப் பார், மஞ்சளா என்று. மஞ்சள் இல்லாவிட்டாலும் இன்றே பதுளை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போய் இரத்தம் பார். பொடியை இனி அவளுக்குக் கொடுக்காதே, ஆனால் கொட்டாதே, டாக்டரிடம் காட்டக் கையோடு கொண்டுபோ.

என்னை நாளை வார்டில் படுக்கச் சொல்லியிருக்கிறார்கள். படுத்துச் சாப்பிட ஆசைப்பட்டவன்தானே. அங்கே கட்டிக்கொள்ளப் பழைய சாரம் ஒன்று கொடுத்தனுப்பு.

என்ன குடித்தாள் என்று டாக்டர் கேட்டால் மறைக்காதே. அப்பன் கொடுத்தது என்று சொல்.

பஸ் கிளம்புகிறது.

அழகையா