நான் மாற்றிய கடைசிப் பக்கம்

ஆடி 3, சனி. மஞ்சக்குப்பம்.

சாயங்காலம் லூதியானாவிலிருந்து குர்மீத் பேசினாள். அவளுடைய பஞ்சாபி நாவலை இந்தி வழியாக நான் தமிழாக்கி முப்பது வருடமாகிறது. அப்போது எனக்குப் புதுக் கல்யாணம். என்னைப் பார்க்க வந்தவள், பிச்சாவரம் படகில் துப்பட்டா தண்ணீரில் இழுபடுவதுகூடத் தெரியாமல் கடைசி அத்தியாயத்தை வாசித்துக் காட்டினாள். கணவனின் வீட்டைவிட்டுப் போகும் கதாநாயகி அதில் திரும்புவதே இல்லை. தமிழில் மட்டும் திரும்பி வருகிறாள். மாமியார் வீட்டில் உட்கார்ந்துகொண்டு வேறு எப்படி எழுதுவது?

"இங்கே ஆஸ்பத்திரியில் ஒரு நர்ஸ், சிதம்பரத்துப் பெண். உன் கடைசிப் பக்கத்தைப் படித்து அர்த்தம் சொன்னாள்" என்றாள் குர்மீத்.

திட்டுவாள் என்று காத்திருந்தேன்.

"அவ்வளவு பயந்தாயா?" என்று மட்டும் கேட்டாள்.

சாப்பிடும்போது இவரிடம் சொல்லிவிட்டேன். "குர்மீத் கதையில அந்தப் பொண்ணு நெசமா திரும்பி வர்ல மாமா. நாந்தான் மாத்திட்டேன்."

இவர் தட்டைப் பார்த்தபடியே சொன்னார்: "படிச்சப்பவே தெரியும். திரும்பி வந்தவ அப்புறம் ஒரு வார்த்தகூட பேசலியே. ஒன்ன கேக்கத்தான் பயமா இருந்துச்சு."