நெத்திலித் தட்டில் பதினொரு மருந்து

பூசான், ஆகஸ்ட் 20

வான்கூவரில் இருக்கும் என் ஹெரிமுக்கு,

கருவாட்டுக் கடையில் உட்கார்ந்தபடியே அம்மா எழுதுகிறேன். போனில் சொன்னால் பாதியிலேயே அழுதுவிடுவாய். முதலில் நல்ல செய்தி: அப்பாவுக்கு என்னை அடையாளம் தெரிகிறது.

இரண்டு மாதம் முன்பு கடைக்கு வந்து, "கடைக்காரம்மா, என் பொண்டாட்டியப் பாத்தீங்களா?" என்று என்னையே கேட்டார். மறதி நோய்தான் என்றார்கள். முதியோர் இல்லத்தில் சேர்க்கக் கையெழுத்துப் போடும் நாளும் குறித்தாயிற்று. உனக்குச் சொல்லவில்லை.

சரக்கைப் பிரித்துப் பார்க்காமல் கையெழுத்துப் போட்டு எனக்குப் பழக்கமில்லை. வீட்டிலிருந்த மருந்தையெல்லாம் நெத்திலி தரம் பிரிக்கும் தட்டில் பரப்பி, அப்படியே பஸ்ஸில் தூக்கிப்போய் அரசு சுகாதார நிலையத்து டாக்டர் பியோன் மேசையில் வைத்தேன். இளம் பெண். "என்னம்மா, வைத்தியம் பாக்க வந்தீங்களா, வியாபாரத்துக்கா?" என்று சிரித்தார். எண்ணியதும் சிரிப்பு நின்றது.

பதினொன்று. ரத்த அழுத்தத்துக்கு ஒன்று, அளவைக் கூட்டிக்கொண்டே போயிருக்கிறார்கள். அதில் கால் வீங்கியது, வீக்கத்துக்கு ஒன்று. அதில் ஓயாமல் சிறுநீர். அதை அடக்க ஒன்று. அதுதான் புத்தியைக் கலக்கியதாம். மூன்று ஆஸ்பத்திரி, ஒருவர் சீட்டை இன்னொருவர் பார்க்கவில்லை.

"எல்லாத்தையும் கடல்ல கொட்டிடறேன்" என்றேன். "கொட்டினா ஆளே போயிடுவாரு. இந்த ரெண்டும் அவரு உயிரு" என்று அதட்டிவிட்டு, மற்றவற்றை ஒவ்வொன்றாக நிறுத்தினார். வைத்தியத்தையே திட்டிக்கொண்டு போனவள், குனிந்து வணங்கிவிட்டு வந்தேன். வாரம் ஒரு பை நெத்திலி அவருக்குப் போகிறது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். நீ அங்கிருந்தே பணம் கட்டி, சியோல் கடையிலிருந்து மாதாமாதம் வரவழைக்கும் கஷாயப் பாக்கெட்டும் தட்டில் இருந்தது. மகள் அனுப்பியதை மருந்து என்று யார் நினைப்பார்கள்? எந்த டாக்டரிடமும் சொன்னதில்லை. அப்பா ஒரு சொட்டு மிச்சம் வைக்காமல் குடித்தார். அழுத்தத்தை ஏற்றியதே அதிலுள்ள அதிமதுரம்தானாம். யார் கொடுத்தது என்று டாக்டர் கேட்டார். சந்தையில் நானே வாங்கினேன் என்றேன். அப்பாவிடமும் அப்படித்தான் சொல்லியிருக்கிறேன். நீயும் அப்படியே வைத்துக்கொள்.

நேற்று அப்பா கடைக்கு வந்து, வாடிக்கைக்காரர்கள் முன்னாலேயே, "வறுக்கிற நெத்திலிய சூப்பு நெத்திலியோட கலந்து வச்சிருக்கியே, கண்ணு அவிஞ்சு போச்சா?" என்று கத்தினார். நாற்பது வருடத்தில் இவ்வளவு இனித்த திட்டு வாங்கியதில்லை.

இனிமேல் கஷாயம் வேண்டாம். அந்தக் காசில் டிக்கெட் எடு. அறுவடைப் பண்டிகைக்கு வந்து வாசலில் நில். உன் பெயரை அவர் தடுமாறாமல் கூப்பிடுவதைக் காதால் கேட்டுவிட்டுப் போ.

வேளைக்குச் சாப்பிடு, கண்ணு. நன்றாக இரு.

உன் அம்மா