பூட்டிய வீட்டுக்குள் நான்கு நாள்

திருமுல்லைவாயில்,
ஞாயிற்றுக்கிழமை காலை.

அன்புள்ள வர்ஷாவுக்கு, உன்னைப் பெறாத அப்பனும் உன் தாய்மாமனுமாகிய ஏகாம்பரம் எழுதுவது. இங்கே நான் நலம், கொஞ்சம் அளவுக்கு மீறியே நலம். டப்ளினில் நீயும் மாப்பிள்ளை ஸ்ரீநாத்தும் காதை மூடிக்கொண்டு குளிரைத் தாக்குப்பிடித்து வருகிறீர்கள் என்று நம்புகிறேன். இப்போது நான் சொல்லப்போகும் கதையை அம்பத்தூரிலிருந்து ஆவடி வரை ஒரு பிராணியும் நம்பாது, நீயும் நம்பமாட்டாய் என்று முதல் வரியிலேயே சத்தியம் செய்து வைக்கிறேன். போனில் சொல்லியிருக்கலாம். ஆனால் போனில் சொன்னால் பாதியில் நீ மூக்கை உறிஞ்சுவாய், நான் சரி சரி என்று ஒப்புக்கொண்டு தொலைப்பேன். காகிதம் மூக்கை உறிஞ்சாது, அதனால் காகிதம்.

ஊர்ச் செய்தி பெரிதாக இல்லை. நம் தெருவை மறுபடி தோண்டியிருக்கிறார்கள், இந்தத் தடவை தோண்டுகிற ஆழத்தைப் பார்த்தால் அடுத்த வாரம் உன் வீட்டு வாசலில் தலை நீட்டுவார்கள், வந்தால் டீ கொடு. மாடி வீட்டு நஜீர், பூந்தமல்லியில் தையல் கடை வைத்திருக்கிறாரே, அவர் மகள் ரைஹானாவுக்குக் கல்லூரியில் இடம் கிடைத்து வீட்டுக்கு வீடு பிரியாணி வந்தது, உன் பங்கையும் உன் சார்பில் நானே சாப்பிட்டேன். இனி வழக்குக்கு வருகிறேன், குற்றவாளி நீதான். நீ போய் எட்டு மாதம் ஆகிறது. போன மாதம் நம் குடியிருப்புச் சங்கச் செயலாளர் கலியமூர்த்திக்கு, மாமா தனியாக இருக்கிறார், கொஞ்சம் பார்த்துக்கொள்ளுங்கள் என்று செய்தி அனுப்பினாய். அவர் வங்கியில் முப்பது வருஷம் குப்பை கொட்டியவர், சும்மா பார்த்துக்கொள்வாரா, அட்டவணை போட்டுவிட்டார். வாட்ஸ்அப் குழுவில் தண்ணீர் லாரி வரும் நாட்களுக்குக் கீழே, ‘ஏகாம்பரம் சார் துணை’ என்று ஏழு நாளுக்கு ஏழு வீடு. திங்கட்கிழமை கலியமூர்த்தியே வந்து ரத்த அழுத்தம் எவ்வளவு என்று கேட்டுக் கேட்டே அதை ஏற்றிவிட்டுப் போவார். புதன்கிழமை எதிர் பிளாக் தம்பதி என்னை மகிழ்விக்க கேரம் போர்டோடு வந்து தங்களுக்குள் சண்டை போட்டுக்கொள்வார்கள், சமாதானம் செய்து அனுப்பி வைப்பது என் வேலை. வெள்ளிக்கிழமை ஞானம்மாள் டீச்சர் புட்டு கொண்டுவந்து, நான் தின்று முடிக்கும்வரை எதிரில் உட்கார்ந்து பாவம், பாவம் என்று பார்ப்பார். ஒரு மாதத்தில் என் ஹாலுக்கு வந்துபோன கூட்டம் நம் கோயில் தேருக்குக்கூட வந்ததில்லை. அத்தனை பேரும் போன பிறகு, இந்த வீட்டில் மனிதன் தனியாக இருக்க ஒரு மணி நேரம் கிடைக்காதா என்று ஏங்கிப் போய் உட்கார்ந்திருப்பேன்.

உனக்குச் சொல்லாத ஒன்றைச் சொல்கிறேன் கேள். நான் பிறந்தது எட்டுப் பேர் படுக்கும் ஒற்றை அறையில். வேலைக்குப் போனது பாடியில் பிரஸ் ஷாப்புக்கு, தகடு வெட்டும் இரைச்சலில் முப்பத்தோரு வருஷம் நான் நினைத்தது எனக்கே கேட்டதில்லை. நடுவில் உன் அம்மா போய்ச் சேர்ந்து ஏழு வயதில் நீ வந்தாய், நீ ஒருத்தியே அந்த பிரஸ் ஷாப்புக்குச் சமம். குறையாகச் சொல்லவில்லை, அந்த இரைச்சல் இல்லாவிட்டால் நான் ஆளே இல்லை. ஆனால் அறுபத்தாறு வயதில்தான் முதல் தடவையாக ஒரு முழு வீடு எனக்கென்று கிடைத்திருக்கிறது, அதையும் ஏழாகப் பங்கு போட்டால் பார்த்துக்கொண்டிருப்பேனா.

ஆகவே போன புதன்கிழமை காலையில், முன்பக்க கிரில் கதவை வெளியே தேங்காய் அளவுப் பூட்டால் பூட்டினேன். பின்பக்கமாகச் சுற்றிவந்து, துணி துவைக்கும் இடத்துக் கதவு வழியாக என் வீட்டுக்குள் நானே திருடன் மாதிரி நுழைந்து தாழ்ப்பாள் போட்டேன். சனிக்கிழமை வரை நான்கு நாள். ஆவடி டாங்கிகள் அத்தனையும் வரிசையாக வந்து இடித்திருந்தாலும் அசைந்திருக்கமாட்டேன். உள்ளே என்ன செய்தேன் என்று கேட்பாய். ஒரே ஓர் ஆளுக்கு ரசம் வைத்தேன். அது சாதாரண வித்தை இல்லை, முதல் நாள் வைத்தது ஒரு பட்டாளத்துக்குப் போதும், மூன்றாம் நாள்தான் அளவு பிடிபட்டது, கடைசிச் சொட்டுவரை குடித்தேன். மேற்கு ஜன்னல் இடுக்கில் நுழைகிற வெயில் தரையில் ஊர்ந்து சமையலறை வாசலைத் தொட இரண்டரை மணி நேரம் ஆகிறது, பக்கத்தில் படுத்துக்கொண்டு நானும் கூடவே உருண்டு போனேன். லோக்கல் ரயில் போகும்போது அலமாரியில் டம்ளர்கள் ஒன்றோடொன்று லேசாக உரசுகின்றன, எக்ஸ்பிரஸுக்கு அதே டம்ளர்கள் வேறு மாதிரிப் பேசுகின்றன, இத்தனை வருஷம் குடியிருந்தும் எனக்குத் தெரியாது. இரண்டாம் நாளே வண்டியைப் பார்க்காமல் எது என்று சொல்லிவிட்டேன், இன்னும் ரயில்வேக்காரர்கள் என்னைக் கலந்து ஆலோசிக்காதது அவர்கள் நஷ்டம். வெள்ளிக்கிழமை நீ போன் செய்தபோது மாமா தொண்டை கட்டியிருக்கா என்று கேட்டாயே, கட்டவில்லை, கிரிலுக்கு வெளியே டீச்சர் புட்டுப் பாத்திரத்தோடு நின்றிருந்தார்.

வெளியே என் புகழ் வளர்ந்துகொண்டிருந்தது. நான் காசிக்குப் போய்விட்டதாக டீச்சர் முடிவு கட்டினார். காவலாளி நடேசனோ, திருநின்றவூர் ஏரிக்கரையில் ஏகாம்பரம் அண்ணாத்தே ஒரு அம்மாவோடு பேசிகினு நடந்ததைத் தன் கண்ணாலேயே பார்த்ததாகச் சொன்னான், கேட்டு எனக்கே ஒரு நிமிஷம் பெருமையாக இருந்தது. சனிக்கிழமை சாயங்காலம் கலியமூர்த்தியும் நஜீரும் என் வாசலில் நின்று பேசினார்கள். கதவுக்கு இந்தப் பக்கம் நான், கையில் ரசக் கிண்ணம். வர்ஷா ஜனவரியில் வருகிறாள், கோயம்புத்தூர்ப் பக்கம் முதியோர் இல்லத்தில் அவருக்கு அறை சொல்லி வைத்துவிட்டாள், இந்த வீட்டுக்குக் குடிவர ஆள் பார்க்கச் சொல்லியிருக்கிறாள், அதுவரை மாமாவுக்குத் தெரியக்கூடாதாம் என்றார் கலியமூர்த்தி. பாவம், தனியாகக் கிடந்து ஒடுங்கிப் போய்விட்டாரே என்றும் சொன்னார். கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டேன். அப்போது நஜீர் சொன்னது இது: “இன்னா சார் பேசுறீங்க. அந்தாளு நிம்மதியா கீறதே இந்த நாலு நாளாத்தான். எங்கயும் போகல, உள்ளதான் கீறாரு, ரச வாசனை மாடி வரைக்கும் வருது.” தினமும் பின் கதவில் பால் பாக்கெட் இருந்ததை நான் என் தவ வலிமை என்று எண்ணியிருந்தேன், வைத்தது யார் என்று அப்போதுதான் விளங்கியது.

உள்பக்க மரக்கதவைத் திறந்தேன். கலியமூர்த்தி பின்வாங்கிய வேகத்தில் அவர் செருப்பு மட்டும் இங்கேயே நின்றது. பூட்டிய கிரில் கம்பியைப் பிடித்துக்கொண்டு கைதி மாதிரி நின்றபடி சொன்னேன்: “சார், தொணை வேணும்னா நானே வந்து உங்க கதவத் தட்டுறேன். அதுவரைக்கும் என் ஊட்ல என்ன உட்டுடுங்க.” இன்று காலை பார்த்தேன், குழுவில் தண்ணீர் லாரி மட்டும்தான் இருக்கிறது.

உன்மேல் எனக்குக் கோபம், மறைக்கமாட்டேன். என்னைக் கேட்காமல் என் வீட்டுக்கு ஆள் தேட உனக்கு எப்படி மனசு வந்தது. யோசித்துப் பார்த்தேன், டப்ளின் போன புதிதில் மாப்பிள்ளை ஆபீஸ் போனதும் அறையில் தனியாக நாள் முழுக்க அழுவாயே, அதே அழுகைதான் எனக்கும் இருக்கும், வெளியே சொல்லாமல் விழுங்குகிறேன் என்று நீயாக நினைத்துவிட்டாய். அம்மாடி, உனக்குத் தனிமை வந்து விழுந்தது. இது நான் கேட்டு வாங்கினது. விழுந்து கிடந்தால் யார் பார்ப்பார்கள் என்பாய். பின் கதவுக்கு இனி தாழ்ப்பாள் போடமாட்டேன், அதன் சாவி ஒன்று நஜீரிடம் இருக்கிறது, எட்டு மணிக்குள் நான் பாலை எடுக்காவிட்டால் அவர் திறந்துகொண்டு வருவார், குளியலறையில் பிடித்துக்கொள்ளக் கம்பி மாட்டியாயிற்று, அதற்குமேல் ஓர் ஏற்பாடும் எனக்கு வேண்டாம். ஜனவரியில் தாராளமாக வா, ஒரு மாதம் என் தலையில் ஏறி உட்கார், ஊரையே கூட்டி விருந்து வை. ஆனால் எனக்குப் பெட்டி கட்ட வராதே. வந்தால் இந்தத் தடவை பூட்டு உள்பக்கம் தொங்கும்.

நீங்கள் இருவரும் ஒரு குறையும் இல்லாமல் நிறைவாக வாழவேண்டும், கம்பளிக் காலுறை போடாமல் வாசலைத் தாண்டாதே. அந்த இல்லத்துக்காரர்களுக்கு இன்றைக்கே எழுதி அறை வேண்டாம் என்று சொல்லிவிடு, மறந்தேன் என்று சொல்லாதே. நான்கு நாள் என்று எழுதியது கொஞ்சம் கூடுதல், ஒன்றரை நாள் இருக்கும். காசியும் ஏரிக்கரை அம்மாவும் அநாதையாக நின்ற செருப்பும் என் கைச்சரக்கு. மற்றதில் எது எவ்வளவு என்று நஜீரைக் கேள், அவர் என்னோடு பழகியவர், உண்மையைச் சொல்லமாட்டார். வெயிலோடு தரையில் கிடந்தேன் என்றேனே, அது மட்டும் நிஜம். சின்ன வயதில் உன் பள்ளிக்கூட வேன் நாலு மணிக்கு வரும். இருபத்தொரு வருஷமாக, நீ வேலைக்குப் போய், கல்யாணமாகி, கடல் தாண்டிப் போன பிறகும், நாலு மணிக்கு என் காது ஒன்று தெருவுக்குப் போய்விடும். வெயிலோடு கிடந்த அன்றைக்கு நாலு மணி வந்ததும் தெரியவில்லை, போனதும் தெரியவில்லை. எழுந்து கடிகாரத்தைப் பார்த்தபோது நாலரை.

இப்படிக்கு,
தன் வீட்டில், தன்னந்தனியாக, சுகமாக இருக்கும்
உன் மாமா ஏகாம்பரம்.