அவள் முடி, என் வேண்டுதல்

தண்ணீர்மலையான் துணை

ஜார்ஜ்டவுன்,
தைப்பூசம் கழிந்த வியாழக்கிழமை.

தேன்மொழியின் அப்பாவுக்கு லோகேஸ்வரி வணக்கத்துடன் எழுதுவது. நானும் பிள்ளைகளும் சுகம். உங்கள் இடுப்பு வலி இப்போது தேவலையா? கனமான சாமான் தூக்கக் கூடாது என்று டாக்டர் சொன்னதை உங்கள் மேலாளரிடம் சொல்லிவிட்டீர்களா, இல்லை வழக்கம்போல மறைத்துவிட்டீர்களா?

பக்கத்து வீட்டு சுலைமான் அண்ணன் இன்றைக்கு சிங்கப்பூருக்குப் பேருந்து ஓட்டி வருகிறார். நாளைக் காலையில் உங்கள் கையில் இந்தக் கடிதமும் விபூதியும் கொஞ்சம் முறுக்கும் கிடைத்துவிடும். கைப்பேசி இருக்கும்போது கடிதம் எதற்கு என்று சிரிக்காதீர்கள். போனில் நீங்கள் “ம்” என்று ஒரு சத்தம் கொடுத்தாலே எனக்குச் சொல்ல வந்தது பாதி மறந்துபோகும். பேனா பிடித்தால் கடைசிவரை சொல்லிவிடுவேன். ஆறாம் வகுப்போடு நின்றவள் எழுதுகிறேன், பிழை இருந்தால் திருத்திப் படித்துக்கொள்ளுங்கள்.

முதலில் சொல்ல வேண்டியதைச் சொல்லிவிடுகிறேன். நான் மொட்டை அடித்துக்கொண்டிருக்கிறேன். பூசத்திலிருந்து வீடியோவில் முகம் காட்டாமல் பேசுவது இதனால்தான். தேன்மொழியின் முடி அப்படியே இருக்கிறது. கோமதி அண்ணி, அக்கா என்ற உரிமையில், உங்களுக்குப் போன் செய்து குறைப்பட்டதும் இதைத்தான். அண்ணி சொன்னதில் பொய் ஒன்றும் இல்லை. ஆனால் அவர் நடுவில் வந்து நடுவிலேயே கிளம்பிப் போனவர். முழுக் கதையும் நான் சொல்கிறேன்.

போன வருடம் நீங்கள் மோட்டார் சைக்கிளில் விழுந்து, வாயில் குழாயோடு கிடந்தபோது, பொறுத்துத்தான் பார்க்க வேண்டும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். நான் விடிகாலையில் ஆஸ்பத்திரியிலிருந்து நேரே தண்ணீர்மலைக் கோயிலுக்குப் போனேன். இவரை எழுப்பிக் கொடு முருகா, என் மகள் முடியை உன் காலடியில் வைக்கிறேன் என்று வேண்டிக்கொண்டேன். கொடுப்பது பெரிதாக இருக்க வேண்டும் என்று நினைத்தேன். பிறந்ததிலிருந்து நான் எண்ணெய் தடவிப் பின்னி வளர்த்த முடி அது. என்னிடம் இருந்ததில் அதுதான் பெரிது. அது என்னுடையது என்றே நினைத்துவிட்டேன்.

அவன் உங்களைத் திருப்பிக் கொடுத்தான். நீங்கள் கண்ணைத் திறந்து முதலில் கேட்டது தேநீர் என்று நர்ஸ் வந்து சொன்னபோது அந்தத் தாழ்வாரத்திலேயே உட்கார்ந்து அழுதேன். இன்றைக்கும் காலையில் தேநீர் ஆற்றும்போதெல்லாம் அவனுக்கு ஒரு கும்பிடு போடுகிறேன்.

பொங்கல் முடிந்ததும் தேன்மொழியிடம் வேண்டுதலைச் சொன்னேன். அழுவாள் என்று நினைத்தேன். அவள் சாப்பிட்ட கையை அப்படியே நிறுத்தி, “அம்மா, சாமிகிட்ட இதச் சொன்னது நீங்களா நானா?” என்று கேட்டாள். நான்தான் என்றேன். “என்கிட்ட கேட்டீங்களா?” என்றாள். நீ தூங்கிக்கொண்டிருந்தாய் என்றேன். “எழுப்பியிருக்கலாம்லா” என்றாள். சின்னவன் ராம்நாத் சிரித்துவிட்டான். எனக்கு வந்த கோபத்தில் அவனுக்கும் சேர்த்து விழுந்தது திட்டு.

பிறகு பாத்திரம் கழுவிக்கொண்டே யோசித்தேன். இப்படிக் கேட்க இவளுக்கு யார் சொல்லிக் கொடுத்தது? நீங்கள்தான். நான் கோயிலில் அன்னதானத்துக்குக் காய் நறுக்கப் போயிருந்த அன்று, வீட்டுக் கம்பிக் கதவுப் பூட்டுக்குள் சாவி முறிந்து பிள்ளைகள் உள்ளே மாட்டிக்கொண்டது நினைவிருக்கிறதா? வேலையில் இருந்த உங்களுக்கு அழுதுகொண்டே போன் செய்தாள். “என்னென்ன செஞ்சு பாத்த? செஞ்சு பாத்துட்டுக் கூப்பிடு” என்று வைத்துவிட்டீர்கள். பெற்ற அப்பனா நீங்கள் என்று அன்றைக்கு உங்களோடு சண்டை பிடித்தேன். ஆனால் நான் வீட்டுக்கு வந்தபோது கதவு திறந்திருந்தது. பூட்டுக்குள் எண்ணெய் விட்டு, தையல் பெட்டியில் இருந்த இடுக்கியால் முறிந்த துண்டை இழுத்தெடுத்து, மாற்றுச் சாவி போட்டுத் திறந்திருக்கிறாள். கையில் கீறல், முகமெல்லாம் சிரிப்பு. அதற்குப் பிறகு என்ன செய்யட்டும் என்று அவள் என்னிடம் வந்ததே இல்லை. இப்படிச் செய்தேன், சரியா என்றுதான் வருவாள். நீங்கள் சிங்கப்பூர் போன பிறகு இந்த வீடு தடுமாறாமல் ஓடுவது அதனால்தான். இதற்கு நான் உங்களுக்கு இதுவரை நன்றி சொன்னதில்லை. இப்போது சொல்கிறேன்.

பூட்டு விஷயத்தில் யோசி என்று சொல்லிவிட்டு, சாமி விஷயத்தில் மட்டும் யோசிக்காதே என்று எந்த வாயால் சொல்வது? அவள் சாமிக்கு ஒன்றும் செய்ய மாட்டேன் என்றும் சொல்லவில்லை. “அப்பாவுக்காக நான் பால்குடம் எடுக்கிறேன்மா. அது நானா நெனச்சு சொல்றது” என்றாள். அன்றிலிருந்து அவளாகவே விரதம் இருந்தாள். பள்ளிக்கூடத்தில் சிநேகிதி கோழிப்பொரியலை நீட்டியபோதுகூட வேண்டாம் என்றிருக்கிறாள்.

பூசத்துக்கு முருகன் இரதம் புறப்படுவதற்கு முதல் நாள் அண்ணி கடலுக்கு அக்கரையில் இருக்கும் புக்கிட் மெர்தாஜாமிலிருந்து வந்தார். விஷயம் கேட்டதும், “சாமிக்கு நேர்ந்தத நிறுத்தி, என் தம்பிக்கு ஏதாச்சும் ஆனா இவளா பதில் சொல்லுவா?” என்றார். அண்ணியை நான் குறை சொல்ல மாட்டேன். நீங்கள் படுத்திருந்தபோது தினமும் கடல் தாண்டிக் கஞ்சி கொண்டுவந்தவர். அந்தப் பாசம்தான் பேசியது. ஆனால் பிள்ளையின் முகம் வெளுத்துப்போனது. அறைக்குள் போய்விட்டு வந்து, “நான் மொட்டை அடிச்சுக்கிறேன்மா” என்றாள். அண்ணி அவளைக் கட்டிப்பிடித்துக்கொண்டார்.

எனக்கும் சந்தோஷமாக இருந்திருக்க வேண்டும். இல்லை. பூட்டைத் திறந்த பிள்ளை சொன்ன சொல் இல்லை அது, பயம் சொன்னது. நாளைக்கு வேறு யாரோ வேறு எதற்கோ இதே மாதிரி மிரட்டினால், இதே மாதிரி சரி என்பாளே என்று நினைத்தேன்.

பூசத்தன்று மலையடிவாரத்தில் முடி இறக்கும் இடத்தில் நின்றோம். எங்கள் முறை வந்தது. தேன்மொழி ரிப்பனை அவிழ்த்தாள். நான் போய் முக்காலியில் உட்கார்ந்துவிட்டேன். “பாப்பாவுக்குன்னுல்ல நெனச்சேன்க்கா?” என்றார் சவரத் தம்பி. “சொன்னவ நான்தான் தம்பி, எனக்கே எடுங்க” என்றேன். அண்ணி முகத்தைத் திருப்பிக்கொண்டார். தண்ணீர்ப் பந்தல் பக்கம் நடந்தவர் அப்படியே வீட்டுக்குப் போய்விட்டார். தேன்மொழி அவிழ்த்த ரிப்பனைக் கையில் சுற்றிக்கொண்டாள். பிறகு குனிந்து, “அண்ணே, பிளேடு புதுசா?” என்று கேட்டாள். “உன் கண்ணு முன்னாலதான பிரிச்சேன், டாக்டரம்மா” என்றார் அவர். தன் தலைக்கென்று கொண்டுவந்திருந்த சந்தனத்தை என் தலையில் அவளே பூசிவிட்டாள். பால்குடத்தோடு அவள் முன்னால் ஏற, நான் பின்னால் ஏறினேன்.

சந்நிதியில் நின்று, என் செலவை இன்னொருத்தி பேரில் எழுதிவிட்டேன் முருகா, திருத்திவிட்டேன் என்று சொன்னேன். முடி கைக்கு வரும் முன்பே உயிரைக் கொடுத்தவன், முடிக்காகத் திருப்பிக் கேட்பவனா? எனக்குப் பயம் துளியும் இல்லை. உங்களுக்கும் வேண்டாம்.

இனி நான் எழுத உட்கார்ந்த காரணம். ஞாயிற்றுக்கிழமை தேன்மொழியின் போனுக்கு நீங்கள் அனுப்பிய செய்தியை நானும் படித்தேன். “பெரியவங்கள எதிர்த்துப் பேசற அளவுக்கு வந்துட்டியா? வந்து பேசிக்கிறேன்” என்று. தூரத்தில் இருக்கிறீர்கள், அக்கா சொன்னது மட்டும்தான் உங்கள் காதில் விழுந்தது. எனக்கு வருத்தமில்லை. ஆனால் அன்றிலிருந்து இவள் எல்லாவற்றுக்கும் என்னைக் கேட்கிறாள். எந்தச் சட்டை போட, சோறு போட்டுக்கொள்ளவா, விளக்கை அணைக்கவா. முந்தாநாள் வாளி நிரம்பித் தண்ணீர் வழிகிறது, குழாய் பக்கத்தில் நின்றுகொண்டு மூடட்டுமா என்று கேட்கிறாள். “மூடுக்கா, இதுக்கு மீட்டிங்கா போடுவாங்க?” என்று ராம்நாத் ஓடிவந்து மூடினான். அவன் கேலிக்குக்கூட அவள் சிரிக்கவில்லை.

நேற்றுச் சாயங்காலம்தான் கொஞ்சம் வெளிச்சம் தெரிந்தது. துணி மடித்துக்கொண்டிருந்தவள், “அத்தை போனை எடுக்க மாட்டேங்கிறாங்க. சனிக்கிழமை நானே போய் நேர்ல பேசிட்டு வரேன். ஃபெர்ரில போய், பட்டர்வொர்த்ல ரயில் ஏறினா புக்கிட் மெர்தாஜாம். தனியாப் போறேன்” என்றாள். என்ன பேசுவாய் என்று நான் கேட்கவில்லை. சொல்லிவிட்டு உடனே அவள் முகம் சுருங்கியது. “அப்பா விடுவாங்களா?” என்றாள்.

பதின்மூன்று வயதுப் பிள்ளை தனியாகக் கடல் தாண்டுவதை நினைத்தால் எனக்கும் கவலைதான். இருந்தாலும் நான் அனுப்புவதாகச் சொல்லிவிட்டேன். ஆனால் அவளுக்கு என் சரி போதவில்லை. நாளை சாயங்காலம் உங்களைக் கூப்பிடுவாள். முடியைப் பற்றிக் கேட்க வேண்டாம். எந்தப் பெட்டியில் ஏற, எங்கே இறங்க என்று சொல்லிக் கொடுக்கவும் வேண்டாம். நான் எழுதினதாகவும் காட்டிக்கொள்ளாதீர்கள். முழுசும் கேட்டுவிட்டு, போய்ட்டு வாம்மா என்று மட்டும் சொல்லுங்கள்.

முருகன் எனக்கு என் புருஷனைத் திருப்பிக் கொடுத்துவிட்டான். அவளுடைய அப்பாவை அவளுக்குத் திருப்பிக் கொடுப்பது உங்கள் கையில்தான் இருக்கிறது.

வேலும் மயிலும் உங்களைக் காக்க வேண்டி,
லோகேஸ்வரி